செம்மண் சாலை

விடியுமுன் பெரட்டு என்னும் ஆள்கணக்கெடுப்பு. பிறகு தலையில் விளக்கைக் கட்டிக்கொண்டு பால்வெட்டு. மங்கு என்னும் கிண்ணத்தில் சேர்ந்த பாலை வாளியில் ஊற்றி, உறைந்த ஒட்டுப்பாலைத் தனியே எடுப்பார்கள். மலேசியாவின் பாடாங் செராய்ச் சுற்றுவட்டார ரப்பர் தோட்டங்களில் அன்று இதுதான் அன்றாடம். சினிமாக் கொட்டகையில் ஓடியதோ பெரும்பாலும் மெட்ராஸ் கதைகள்.

அந்தத் தோட்ட வாழ்க்கையையே திரைக்குக் கொண்டுவந்து, தன் தாயாரின் தோட்டத்து நினைவுகளிலிருந்து தீபக் குமரன் மேனன் எழுதி இயக்கிய ‘செம்மண் சாலை’ படம் 2005இல் வந்தது. 1960களின் தோட்டம், மேலே படிக்க ஏங்கும் ஒரு பெண். வில்லன் வேண்டியிருக்கவில்லை, வீட்டு வறுமையே போதுமானதாக இருந்தது. அடுத்த படமான ‘சலங்கை’யில் கோலாலம்பூர் பிரிக்ஃபீல்ட்ஸுக்கு நகர்ந்தார்: பூ விற்கும் தாய், நடனம் கற்க ஆசைப்படும் மகள். தோட்டத்தை விட்டு நகரத்துக்குப் பிழைக்கப் போன குடும்பங்களுக்கு இரண்டுமே சொந்தக் கதை.