மறுதரப்பின் சொல்: குற்றவியல் விசாரணையில் எதிரிக்குரிய வழிகள்

அலீ (ரலி) அவர்கள் யமன் நாட்டுக்குக் காழியாக அனுப்பப்பட்டபோது, முதலாமவரின் சொல்லைக் கேட்டது போன்றே மற்றவரின் சொல்லையும் கேட்கும்வரை தீர்ப்பளிக்கலாகாது என நபி (ஸல்) அவர்கள் அறிவுறுத்தியதாக அபூதாவூத் தொகுப்பில் பதிவாகியுள்ளது. மறுதரப்பைக் கேளாமல் வழங்கப்படுவது நீதியன்று என்னும் இந்நெறி இந்தியக் குற்றவியல் நடைமுறைக்கும் அடிப்படையாகும். ஆயினும், எந்தக் கட்டத்தில் எதைக் கோருவது என்பதை அறியாத ஒருவருக்கு, கேட்கக் காத்திருக்கும் நீதிமன்றமும் பயன்படுவதில்லை. 1973ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்கு மாற்றாக 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின்படி, அமர்வு நீதிமன்றத்தில் எதிரிக்குத் திறந்திருக்கும் வழிகளை ஈண்டு நோக்குவோம்.

முதலாவது, ஆவணங்களைப் பெறும் உரிமை. குற்றப்பத்திரிகை, சாட்சிகளின் வாக்குமூலங்கள் ஆகியவற்றின் படிகள் கட்டணமின்றி வழங்கப்பட வேண்டும் (பிரிவு 230). இவற்றைப் படிக்காமல் எதிர்வாதத்தை வகுக்க இயலாது.

இரண்டாவது, விடுவிப்பு மனு. வழக்கு அமர்வு நீதிமன்றத்துக்கு ஒப்படைக்கப்பட்ட நாளிலிருந்து 60 நாட்களுக்குள் இதனைத் தாக்கல் செய்யலாம் (பிரிவு 250). முந்தைய சட்டத்தில் இக்கால வரம்பு இல்லை என்பது கவனிக்கத்தக்கது. ஆவணங்கள் வெறும் ஐயத்தை மட்டுமே எழுப்பி, வலுவான ஐயத்தை எழுப்பாவிடில் நீதிபதி விடுவிக்கலாம் என்று 1979ஆம் ஆண்டு பிரஃபுல்ல குமார் சாமல் வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியது. ஆனால் இக்கட்டத்தில் எதிரி தம் சான்றுகளை முன்வைக்க இயலாது என்பதே 2004ஆம் ஆண்டு தேவேந்திரநாத் பாதி வழக்கில் உறுதியான பொதுவிதி. அரசுத் தரப்பு ஆவணங்களின் குறையைச் சுட்டுவதே இம்மனுவின் வேலை.

விடுவிப்பு மறுக்கப்பட்டால் குற்றச்சாட்டு வனையப்படும். எதிரி குற்றத்தை ஒப்புக்கொள்ளலாம். மறுத்து விசாரணை கோரலாம். அச்சத்தினாலோ, விரைவில் முடியும் என்னும் ஆசையினாலோ அளிக்கப்படும் ஒப்புதல் தண்டனைக்கே வழிவகுக்கும். ஆதலால் வழக்கறிஞரைக் கலந்தறியாமல் இவ்விடத்தில் வாய் திறப்பது தகாது.

மூன்றாவது, குறுக்கு விசாரணை. மறுக்கப்படாத சாட்சியம் பெரும்பாலும் ஏற்கப்பட்டுவிடும். விடுபட்ட கேள்விகளுக்காகச் சாட்சியை மீண்டும் அழைக்கக் கோரலாம் (பிரிவு 348). ஆயின் தீர்ப்புக்கு இன்றியமையாதது என நீதிமன்றம் கருதினாலன்றி அது கிட்டாது.

நான்காவது, நீதிபதி நேரடியாக வினவும் கட்டம் (பிரிவு 351). இங்கே சத்தியப் பிரமாணம் இல்லை. விடையளிக்க மறுப்பதற்காகத் தண்டனையும் இல்லை. எழுத்து மூலமான விளக்கத்தையும் அளிக்கலாம். எதிரியிடம் கேட்கப்படாத ஒரு பாதகமான சூழ்நிலையை அவருக்கு எதிராகப் பயன்படுத்தலாகாது என 1984ஆம் ஆண்டு சரத் பிர்திசந்த் சார்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் வலியுறுத்தியது.

ஐந்தாவது, எதிர்த்தரப்புச் சான்று. தம் சாட்சிகளுக்கு அழைப்பாணை கோரலாம் (பிரிவு 256). தாமே சாட்சிக் கூண்டில் ஏறவும் எழுத்து மூலம் விண்ணப்பிக்கலாம் (பிரிவு 353). ஏறினால் குறுக்கு விசாரணைக்கும் உட்பட வேண்டும். ஏறாதது குறித்து எவரும் குறைகூற இயலாது. தமக்கு எதிராகத் தாமே சாட்சியளிக்கக் கட்டாயப்படுத்தப்படாமை அரசமைப்பின் 20(3) உறுப்பு தரும் காப்பு.

இவ்வழிகள் அனைத்துக்கும் உயிராக இருப்பது வழக்கறிஞரின் துணை. வசதியற்றவருக்கு அரசுச் செலவில் வழக்கறிஞரை அமர்த்துவது நீதிமன்றத்தின் கடமை (பிரிவு 341). மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவையும் குடும்பத்தார் அணுகலாம். 1997ஆம் ஆண்டு தில்லியில் நிகழ்ந்த பேருந்துக் குண்டுவெடிப்பு வழக்கில் மரண தண்டனை பெற்ற ஒருவரின் மேல்முறையீட்டில், அரசுத் தரப்புச் சாட்சிகள் 65 பேரில் 56 பேர் அவருக்கு வழக்கறிஞர் இல்லாமலேயே விசாரிக்கப்பட்டது தெரியவந்தது. 2012இல் உச்ச நீதிமன்றம் தண்டனையை ரத்து செய்து மறுவிசாரணைக்கு ஆணையிட்டது. 2013இல் விசாரணை நீதிமன்றம் குண்டுவெடிப்புக் குற்றச்சாட்டிலிருந்து அவரை விடுதலை செய்தது.

முதல் விசாரணையில் அந்த 56 பேரிடமும் அவர் சார்பில் வினவ ஒருவர் இருந்திருப்பின், தூக்குத் தண்டனையின் நிழலில் அவர் இத்தனை ஆண்டுகள் வாழ நேர்ந்திருக்குமா? நம்மில் ஒருவர் வழக்கில் சிக்கும்போது அவர் நிரபராதி என்று சொல்லி ஆறுதல் அளிப்பதுடன் நம் கடமை நிறைவுறுவதில்லை. அவருடைய சொல் உரிய கட்டத்தில், உரியவர் வழியே நீதிமன்றத்தைச் சென்றடையத் துணைநிற்பதும் நம்மீது கடமையாகும்.