ஏன் வந்தது? – 9: சிப்பிகாட் மதகு

மூளைக்குப் போகும் ரத்தக்குழாய் அடைத்து வரும் பக்கவாதத்தில், ஏறக்குறைய நான்கில் ஒன்றுக்கு எல்லாச் சோதனையும் முடிந்த பிறகும் காரணம் பிடிபடுவதில்லை. சென்ற வாரம் அங்கேதான் நிறுத்தினோம். இதயத் துடிப்பை மாதக்கணக்கில் வேவு பார்க்கும் கருவியைப் பற்றி இந்த வாரம் எழுதுவதாகச் சொல்லியிருந்தேன். நடுவில் சிப்பிகாட் வந்துவிட்டது.

போர்ட் பிளேயருக்குப் பக்கத்து ஊர். 2004 டிசம்பர் நிலநடுக்கத்தில் அந்தப் பகுதி சுமார் ஒரு மீட்டர் தாழ்ந்தது. நெல் விளைந்த பள்ள வயல்களுக்குள் கடல் வந்து தங்கிவிட்டது. இன்று அங்கே கொக்கும் காட்டு வாத்தும் மேய்கின்றன. பறவை பார்க்க வருகிறவர்களுக்குக் கொண்டாட்டம், நிலம் போனவர்களுக்கு அப்படியில்லை.

நான் பார்க்கப் போனது ஒரு தென்னை விவசாயியை. 44 வயது. சர்க்கரை இல்லை, ரத்தக்கொதிப்பு இல்லை, புகை இல்லை. ஒரு காலையில் வாய் கோணி, வலது கை விழுந்துவிட்டது. இப்போது தேறிவிட்டார், சட்டைப் பொத்தான் போட மட்டும் நேரமாகிறது. ஃபைலை என் மடியில் வைத்துவிட்டுக் கேட்டார்: “மெயின்லேண்ட் போய் எல்லா ஸ்கேனும் எடுத்தாச்சு சார். எல்லாம் நார்மல்னு சொல்லிட்டாங்க. நார்மல்னா எனக்கு ஏன் சார் வந்துச்சு?”

பதிலுக்கு நான் மதகைத்தான் எடுத்துக்கொண்டேன், அவருக்கு அது நன்றாகத் தெரிந்த பொருள். கடலோரப் பள்ள நிலத்தில் கரை கட்டி, வெளிப்பக்கமாக மட்டும் திறக்கும் பலகை வைப்பார்கள். மழைநீர் உள்ளேயிருந்து தள்ளினால் திறக்கும். ஓதம் ஏறினால் கடல்நீரே பலகையை அழுத்திச் சாத்திவிடும்.

நம் எல்லோருடைய இதயத்திலும் பிறப்பதற்கு முன் இப்படி ஒரு மதகு இருந்தது. கருவில் நுரையீரலுக்கு வேலை இல்லை. தொப்புள்கொடி வழியாக வரும் ரத்தம் வலது மேலறையிலிருந்து ஒரு மடிப்பைத் தள்ளிக்கொண்டு நேரே இடது மேலறைக்குப் போகும். குழந்தை முதல் மூச்சு இழுத்ததும் இடது பக்கம் அழுத்தம் ஏறி, மடிப்பு சாத்திக்கொள்ளும். பிறகு மெல்ல ஒட்டிப்போகும்.

எல்லோருக்கும் ஒட்டுவதில்லை. இந்த வாரம் முழுக்க என்னைத் தூங்கவிடாத செய்தி இதுதான். அமெரிக்காவின் மாயோ கிளினிக்கில் பிரேதப் பரிசோதனையின்போது 965 இயல்பான இதயங்களைப் பார்த்து 1984இல் வெளியிட்டார்கள். 27 சதவீதத்துக்கும் மேல் மதகு ஒட்டாமலே இருந்தது. பேருந்தில் நம் வரிசையில் நான்கு பேர் உட்கார்ந்திருந்தால், ஒருவருக்கு இருக்கலாம். பெரும்பாலோர் அது தெரியாமலே நூறு வயதுகூட வாழ்ந்துவிட்டுப் போகலாம். இருமும்போதும் முக்கும்போதும் மட்டும் வலது பக்கம் அழுத்தம் ஏறி, பலகை ஒரு நொடி திறக்கிறது. கால் நரம்பில் உறைந்த ரத்தக்கட்டி ஒன்று சரியாக அந்த நொடியில் வந்து சேர்ந்தால், நுரையீரலில் சிக்க வேண்டியது இடது பக்கம் தாவி மூளைக்குப் போய்விடும்.

இதை 1877இலேயே ஜெர்மானிய நோய்க்கூறியலாளர் ஜூலியஸ் கோன்ஹைம் எழுதிவிட்டார். 35 வயதுப் பெண், மூளைக்குழாய் அடைத்து இறந்தவர். காலிலிருந்து நீண்ட ரத்தக்கட்டி. இதயத்தில் மூன்று விரல் நுழையும் ஓட்டை. ஸ்கேன் எதுவும் இல்லாத காலம், கையும் கண்ணும்தான் கருவி. மெச்சாமல் இருக்க முடியவில்லை.

முக்குளிப்பவர்களிடமும் இதே கதை உண்டு. ஆழத்திலிருந்து மேலேறும்போது ரத்தத்தில் உண்டாகும் காற்றுக்குமிழ்கள் இந்த வழியாக இடது பக்கம் போய்ச் சிலரைப் படுக்கவைக்கின்றன என்று 1989இல் கண்டுகொண்டார்கள். ஹேவ்லாக் தீவில் ஸ்கூபா சொல்லிக்கொடுக்கும் பிள்ளைகள் தெரிந்துவைத்திருக்க வேண்டிய சேதி.

கண்டுபிடிக்கும் சோதனையிலும் குமிழ்தான். இரண்டு ஊசிக்குழல்கள், நடுவே ஒரு திருகு. ஒன்பது மில்லி உப்புநீர், ஒரு மில்லி காற்று. இங்குமங்கும் வேகமாகத் தள்ளித் தள்ளி நுரைக்கவைத்து, கை நரம்பில் செலுத்துவார்கள். எக்கோ திரையில் இதயத்தின் வலது பக்கம் வெள்ளை வெளேரென்று நிறையும். அப்போது நோயாளியை மூச்சடக்கி முக்கச்சொல்லி விடச்சொல்வார்கள். மதகு மூடியிருந்தால் இடது பக்கம் கருப்பாகவே இருக்கும், குமிழை நுரையீரல் வடிகட்டிவிடும். திறந்திருந்தால், மூன்று துடிப்புக்குள் இடது பக்கம் வெள்ளைப் பொட்டுகள் ஒவ்வொன்றாக நீந்தி வரும்.

சிப்பிகாட்காரரின் ஃபைலில் எக்கோ இருந்தது. குமிழ் விட்டுப் பார்த்ததாக ஒரு வரி இல்லை. சாதாரண எக்கோவில் இந்த மதகு கண்ணுக்குத் தப்பிவிடும். அவருக்கு ‘காரணம் தெரியவில்லை’ என்று எழுதியவர்கள், எதுவரை தேடினோம் என்பதையும் சேர்த்து எழுதியிருக்க வேண்டும். இதை நான் கோபமாகவே சொல்கிறேன். ஒவ்வொரு சோதனைக்கும் கடல் தாண்ட வேண்டியவருக்கு அந்த ஒரு வரி மிகவும் முக்கியம்.

அதற்காக, ஓட்டை தெரிந்தால் உடனே அடைத்துவிடவும் கூடாது. நால்வரில் ஒருவருக்கு இருப்பது எப்போதும் குற்றவாளியாக இருக்காது. எழுபது வயதில், ரத்தக்கொதிப்பும் சர்க்கரையும் உள்ளவருக்கு அது பெரும்பாலும் சும்மா இருப்பதுதான். அறுபதுக்குள், வேறு காரணமே இல்லாதவர்களின் கணக்கு வேறு. 2017இல் வெளிவந்த பிரெஞ்சு ஆய்வில் சிறு குடை போன்ற கருவியால் ஓட்டையை அடைத்த 238 பேரில் ஒருவருக்கும் மறுபடி பக்கவாதம் வரவில்லை. ஆஸ்பிரின் வகை மாத்திரை மட்டும் எடுத்த 235 பேரில் 14 பேருக்கு வந்தது, சராசரியாக ஐந்து ஆண்டுகளில். அடைத்தவர்களில் சிலருக்குத் துடிப்பு தாறுமாறானதும் உண்மை.

காரணம் தெரியாத எல்லோருக்கும் ரத்தம் உறையாமல் தடுக்கும் வலுவான மாத்திரையைக் கொடுத்துவிடலாமே என்று கேட்கலாம். ரிவரோக்ஸபான் 2018இலும் டாபிகாட்ரான் 2019இலும் சோதித்துப் பார்க்கப்பட்டன. இரண்டும் ஆஸ்பிரினை மிஞ்சவில்லை. ரிவரோக்ஸபானில் ரத்தக்கசிவு கூடியதுதான் மிச்சம். அதனால், தேடல் முடியும்வரை கொடுத்த ஆஸ்பிரின் வகை மாத்திரையை யாரும் தாங்களாக நிறுத்த வேண்டாம்.

கிளம்பும்போது அவர் அந்தச் சோதனையின் பெயரைத் தாளில் எழுதித் தரச்சொன்னார். இடது கையால் வாங்கி, வலது கைக்கு மாற்றி, மெதுவாக நான்காக மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டார்.

துடிப்பை வேவு பார்க்கும் கருவி அடுத்த வாரம்.