ஜீவனாம்ச உத்தரவு: கெடு தாண்டிய பின் கோர்ட்டுப் படி ஏறும் தந்தையர்

ஊரில் மனைவியும் பிள்ளையும்; மும்பையில் கணவர். மனஸ்தாபம் வளர்ந்து பணம் அனுப்புவது நின்று போகிறது. மனைவி கோர்ட்டுக்குப் போகிறார். சம்மன் தாராவியில் உள்ள பழைய விலாசத்துக்குப் போகிறது. கணவரோ கல்யாணுக்குக் குடி மாறி ஒரு வருடம் ஆகிறது. குழந்தைக்கு மாதம் ரூ.6 ஆயிரம் கொடுக்க வேண்டும் என்று எக்ஸ்பார்ட்டி உத்தரவு ஆகிறது. 18 மாதம் கழித்து வாரண்டு வரும்போது பாக்கி ரூ.1 லட்சத்து 8 ஆயிரம்!

வெளி மாநிலத் தமிழர் குடும்பங்களில் இது புதிய கதை அல்ல. சம்மன் கைக்கு வந்தும், "ஊர்க் கோர்ட்டு என்னை என்ன செய்யும்?" என்று மடித்து வைத்தவர்களும் உண்டு.

சட்டம் என்ன சொல்கிறது?

முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125-வது பிரிவு என்று எல்லோரும் அறிந்திருந்தது, 1-7-2024 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144-வது பிரிவாக இருக்கிறது. மனைவி தாம் வசிக்கும் ஊரிலேயே வழக்குப் போடலாம். மும்பைக்கு வர வேண்டியதில்லை.

பணம் கட்டாவிட்டால் வாரண்டு பிறக்கும். அதன் பிறகும் கட்டாவிட்டால், ஒவ்வொரு மாதப் பாக்கிக்கும் ஒரு மாதம் வரை சிறை. சிறைக்குப் போய் வந்தாலும் கடன் தீராது என்று சுப்ரீம் கோர்ட்டு முன்பே சொல்லிவிட்டது. மனுப் போட்ட நாளில் இருந்தே ஜீவனாம்சத்தைக் கணக்கிட வேண்டும் என்றும் 2020 நவம்பரில் அது தீர்ப்பளித்தது. ஆகவே நாள் கடத்துவதால் லாபம் இல்லை, பாக்கிதான் ஏறும்.

கெடு எத்தனை நாள்?

எக்ஸ்பார்ட்டி உத்தரவை ரத்து செய்யக் கோரி, உத்தரவு தேதியில் இருந்து 3 மாதத்துக்குள் அதே கோர்ட்டில் மனுச் செய்ய வேண்டும். இரு தரப்பையும் விசாரித்துப் பிறந்த உத்தரவானால், மேல் கோர்ட்டில் சீராய்வு மனுப் போட 90 நாள் கெடு. பேச்சுவழக்கில் இதையும் 'அப்பீல்' என்றே சொல்கிறார்கள். உத்தரவு நகல் வாங்க ஆகும் நாட்கள் இந்தக் கெடுவில் சேராது.

கெடு தாண்டினால் கதவு முழுவதும் மூடிவிடுவதில்லை. 1963-ம் ஆண்டு காலவரையறைச் சட்டத்தின் 5-வது பிரிவில் தாமதத்தை மன்னிக்கக் கோரலாம். ஆனால் காரணம் வேண்டும், ஆதாரமும் வேண்டும். ஆஸ்பத்திரிச் சீட்டு, வீடு மாறியதற்கான வாடகைப் பத்திரம் போன்றவை பேசும். "வேலை அதிகம், லீவு கிடைக்கவில்லை" என்பது எடுபடுவது கஷ்டம். பாக்கியில் ஒரு பகுதியை முதலில் கட்டு என்று கோர்ட்டு நிபந்தனை போடுவதும் வழக்கம்.

வேறு வழி

மில் மூடியது, வேலை போயிற்று, தொகை கட்டுப்படியாகவில்லை என்பவருக்கு இந்த அப்பீல் தேவையே இல்லை. சூழ்நிலை மாறியதைக் காட்டி, தொகையை மாற்றக் கோரி 146-வது பிரிவில் மனுச் செய்யலாம். அதற்குக் கெடு கிடையாது. ஆனால் அதுவரை சேர்ந்த பாக்கி தானாக மறைந்துவிடாது. பணம் அனுப்பியவர்கள் பாங்கி ரசீதைப் பத்திரமாக வைத்திருப்பது நல்லது. கையில் கொடுத்த பணத்துக்குச் சாட்சி கிடைக்காது.

வக்கீலுக்குப் பணம் இல்லையே என்று தயங்க வேண்டாம். 1987-ம் ஆண்டுச் சட்டப்படி பெண்களுக்கும் குழந்தைகளுக்கும், வருமானம் எவ்வளவு என்று பாராமல், இலவச சட்ட உதவி உண்டு. குறைந்த வருமானம் உள்ள ஆண்களும் கேட்கலாம். கோர்ட்டு வளாகத்தில் உள்ள சட்டப் பணிகள் குழுவை அணுகினால் போதும்.

கணவன்-மனைவி சண்டையில் யார் பக்கம் நியாயம் என்பது வேறு வழக்கு. ஜூன் மாதம் பள்ளிக்கூடம் திறக்கும்போது நோட்டுப் புத்தகத்துக்கும் சீருடைக்கும் பணம் வேண்டும் என்று நிற்கும் பிள்ளைக்கு 90 நாள் கணக்கு தெரியாது. சம்மன் வந்த அன்றே பதில் சொல்லும் தகப்பனுக்குக் கோர்ட்டில் தன் கஷ்டத்தைச் சொல்லவும் இடம் இருக்கிறது. பிள்ளையின் முகத்தைப் பார்க்கவும் வழி இருக்கிறது.