பாகப்பிரிவினை வழக்கு நிலுவையில் கூட்டுக் குடும்பச் சொத்து விற்பனை: வழக்கு நிலுவைக் கோட்பாடும் அதன் எல்லையும்

முன்னுரை

கூட்டுக் குடும்பச் சொத்தில் தமக்குரிய பங்கைக் கோரி ஒருவர் வழக்குத் தொடுத்தபின், மற்றொரு பங்குதாரர் அச்சொத்தை மூன்றாம் நபருக்கு விற்றுவிடுவது உரிமையியல் நீதிமன்றங்களில் அடிக்கடி எழும் சிக்கலாகும். அத்தகைய கிரயம் அடியோடு செல்லாது என்பது பரவலான எண்ணம். சட்டத்தின் நிலை அதுவன்று. கிரயம் செல்லும், ஆயின் வழக்கின் முடிவுக்கு அது கட்டுப்படும். இவ்வேறுபாட்டின் விளைவுகளை இக்கட்டுரை ஆராய்கிறது.

பிரிவு 52இன் அமைப்பு

அசையாச் சொத்தின்மீதான உரிமை நேரடியாக வழக்கிற்கு உட்பட்டிருக்கையில், மறுதரப்பினர் தீர்ப்பாணையால் பெறத்தக்க உரிமையைப் பாதிக்கும் வகையில், நீதிமன்ற அனுமதியின்றி எத்தரப்பினரும் அச்சொத்தைக் கைமாற்றலாகாது என்கிறது 1882ஆம் ஆண்டின் சொத்துரிமை மாற்றுச் சட்டம் பிரிவு 52. கூட்டுச்சதியால் தொடுக்கப்பட்ட வழக்கிற்கு இது பொருந்தாது. 1929ஆம் ஆண்டுத் திருத்தம் சேர்த்த விளக்கத்தின்படி, வழக்குரை தாக்கலான நாள் முதல் இறுதித் தீர்ப்பாணை முழுமையாக நிறைவேறும் வரை வழக்கு நிலுவையில் உள்ளதாகவே கொள்ளப்படும். பங்குகளை மட்டும் அறுதியிடும் முதல்நிலைத் தீர்ப்பாணையோடு நிலுவை முடிந்துவிடுவதில்லை.

இக்கோட்பாடு அறிவிப்பை அடிப்படையாகக் கொண்டதன்று. வழக்கு நடக்கும்போதே சொத்து கைமாறிக்கொண்டிருந்தால் எவ்வழக்கும் முடிவுக்கு வாராது என்ற தேவையே அதன் அடிப்படை என 1857இல் இங்கிலாந்தின் பெல்லமி – சபைன் வழக்கு தெளிவுபடுத்தியது. எனவே, வழக்கு இருப்பதை அறியாது வாங்கியவரும் தீர்ப்பாணைக்குக் கட்டுப்பட்டவரே.

பாகப்பிரிவினையில் அதன் செயற்பாடு

ஓர் எடுத்துக்காட்டால் இதனை விளக்கலாம். சம மதிப்புள்ள 9 ஏக்கர் நிலம் இரு சகோதரர்க்கும் ஒரு சகோதரிக்கும் சமமாக உரியது. சகோதரி தொடுத்த வழக்கு நிலுவையில் இருக்கையில், மூத்தவர் சாலையோர 4 ஏக்கரை விற்கிறார். அவரது பங்கு 3 ஏக்கரே. எஞ்சிய 1 ஏக்கரில் வாங்கியவர்க்கு உரிமை கிட்டாது. அந்த 3 ஏக்கரும் சாலையோரத்திலேயே அமையும் என்பதற்கும் உறுதியில்லை. வழக்கறிஞர் ஆணையர் அளந்து பிரித்தபின், விற்ற பகுதி மூத்தவர் பங்கில் விழுந்தால் வாங்கியவர் அதனை வைத்துக்கொள்ளலாம். சகோதரியின் பங்கில் விழுந்தால் அவர் அதனை ஒப்படைத்தாக வேண்டும்.

பாகவழக்கு நிலுவையில் எழுந்த ஜெயராம் முதலியார் – அய்யாசாமி வழக்கில் (1972) உச்ச நீதிமன்றம், தன்விருப்பக் கிரயத்தோடு, விற்றவரின் கடனுக்காக நடந்த ஏல விற்பனையும் பிரிவு 52க்கு உட்பட்டதே என்று கொண்டது. எனினும் பிறர்க்கு இழப்பு நேராத அளவில், விற்ற பகுதியை விற்றவரின் பங்கில் ஒதுக்குமாறு நியாய அடிப்படையில் கோர வாங்கியவர்க்கு வழியுண்டு. அதற்காக அவர் வழக்கில் தரப்பினராகச் சேர அனுமதி கோரலாம். நிறைவேற்றக் கட்டத்தில் மட்டும் வந்து தடுக்க முயன்றால், உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 21, விதி 102 அதற்கு இடமளிப்பதில்லை.

பாதுகாப்பின் எல்லை

பிரிவு 52 தீர்ப்பாணையைக் காக்கிறதேயன்றிக் கிரயத்தைத் தடுப்பதில்லை. வாங்கியவர் மரங்களை வெட்டினாலும் கட்டடம் எழுப்பினாலும் இப்பிரிவு மட்டும் அதனை நிறுத்தாது. ஆகவே கட்டளை 39, விதி 1இன்கீழ் இடைக்கால உறுத்துக்கட்டளை பெறுவது வாதிக்கு இன்றியமையாதது. அதனை மீறுவோர்க்குச் சொத்துப் பற்றுகையும் மூன்று மாதம் வரையிலான உரிமையியல் சிறையும் விதி 2அவில் உள்ளன. குடும்பத்தின் குடியிருப்பு வீடாயின், பங்கை வாங்கிய அந்நியர் கூட்டு அனுபோகம் கோர இயலாது என்பது பிரிவு 44 தரும் தனிப் பாதுகாப்பு.

மற்றொரு குறை வாங்குவோர் பக்கம் உள்ளது. நிலுவை வழக்கைப் பதிவு செய்யவேண்டும் என்ற நிபந்தனை பிரிவு 52இன் மூலவடிவில் இல்லை. அதனால் வில்லங்கச் சான்றை மட்டும் நம்பி வாங்குபவர் ஏமாற நேர்கிறது. பம்பாய் மாகாணத்தின் 1939ஆம் ஆண்டுத் திருத்தமோ, நிலுவை அறிவிப்பு பதிவாகியிருந்தால் மட்டுமே இக்கோட்பாடு பொருந்தும் என வகுத்தது.

முடிவுரை

நிலுவைக் காலக் கிரயத்தைச் செல்லாததாக்கக் கோருவதைவிட, உறுத்துக்கட்டளை பெறுவதும் வாங்கியவரை வழக்கில் சேர்ப்பதும் வாதிக்கு மிகு பயன் தரும். நிலுவை அறிவிப்பைப் பதிவு செய்யும் முறை பரவலானால், நீண்டகாலம் காத்திருக்கும் பங்குதாரரும் அறியாது வாங்குபவரும் ஒருங்கே பாதுகாக்கப்படுவர்.