வலீலா, ஸர்ஹூன், மிக்னாஸ்: ஒரு பகலில் மூன்று ஊர்கள்

இடிபாடுகளின் முன் வந்து நிற்கும் ஒரு சிறு பயணக்குழு அரபுக் கவிதையின் மிகப் பழைய காட்சிகளுள் ஒன்று. அறியாமைக் காலத்துக் கவிஞர்கள், மக்கள் பெயர்ந்துபோன பாளையத்தின் எஞ்சிய அடையாளங்கள் முன்னே ஒட்டகத்தை நிறுத்தித் தம் கஸீதாவைத் தொடங்குவதை மரபாகக் கொண்டிருந்தனர். 'அத்லால்' எனப்படும் அச்சிதைவுகளின் முன் கவிஞன் பெரும்பாலும் தனியே நிற்பதில்லை. இம்ரஉல் கைஸின் முஅல்லகா, இருமை எண்ணில் அமைந்த ஏவல்வினையோடு தொடங்குவதை அரபுக் கல்லூரி மாணவர் யாவரும் அறிவர். இரு தோழர்களை நோக்கி 'நில்லுங்கள்' என்கிறான் கவிஞன். ஒருவனையே வலியுறுத்தி அழைக்க இருமை வந்தது என்று உரை கூறுவாரும் உண்டு. ஆயினும் கவிஞனோடு சேர்த்து மூவர் என்று கொள்வதே எனக்கு இயல்பாகப் படுகிறது. மூவர் சேர்ந்தால்தான் அது பயணக்குழு என்பது நபிமொழி தரும் கணக்குமாகும்.

இன்று சுற்றுலா ஏற்பாட்டாளர்கள் 'சிறு குழுவினர்க்கான ஒருநாள் வழிகாட்டுப் பயணம்' என்று விற்பதும் இதைப் போன்றதே. வேறுபாடு ஒன்றுண்டு. பழைய கவிஞன் நிற்கச் சொன்னான். இன்றைய வழிகாட்டி கைக்கடிகாரத்தைப் பார்த்துப் புறப்படச் சொல்கிறார். எங்கே நிற்கிறோம், எவ்வளவு நேரம் நிற்கிறோம் என்பதைப் பொறுத்து ஒரு நாட்டின் வரலாறே மாறித் தோன்றிவிடும் என்பதற்கு, மொராக்கோவின் ஃபாஸ் நகரிலிருந்து புறப்படும் ஒருநாள் பயணத்தைக் காட்டிலும் நல்ல சான்று கிடைப்பது அரிது.

ஃபாஸிலிருந்து மிக்னாஸ் சுமார் 60 கிலோமீட்டர். மிக்னாஸுக்கு வடக்கே சுமார் 30 கிலோமீட்டர் தொலைவில், ஸர்ஹூன் மலையடிவாரத்தில், பழைய ரோமானியர் வொலுபிலிஸ் என்றும் அரபு நூலாசிரியர்கள் வலீலா என்றும் குறித்த நகரின் இடிபாடுகள் கிடக்கின்றன. அங்கிருந்து பார்த்தாலே தெரியும் தொலைவில், மலை மடிப்பில் வெண்ணிற வீடுகள் ஒன்றன்மேல் ஒன்றாக ஏறி நிற்கும் ஊர் மௌலாய் இத்ரீஸ் ஸர்ஹூன். காலையில் புறப்பட்டு மூன்றையும் பார்த்து அந்திக்குள் ஃபாஸ் திரும்பிவிடலாம். ஃபாஸின் பழைய நகரம் 1981-இலும், மிக்னாஸ் 1996-இலும், வலீலா 1997-இலும் யுனெஸ்கோவின் உலக மரபுச் சின்னங்கள் பட்டியலில் இடம்பெற்றன.

'வழிகாட்டுப் பயணம்' என்ற சொல்லை நம்பிப் பணம் கட்டுவோர் முதலில் ஒன்றைக் கேட்டுத் தெளிதல் வேண்டும். வண்டியோட்டி வேறு, வழிகாட்டி வேறு. மொராக்கோவில் வழிகாட்டுதல் அரசு உரிமம் பெற்றோர் செய்யும் தொழில். பல பயணங்களில் வண்டியோட்டி நம்மை வாயிலில் இறக்கிவிட்டு நிழலில் அமர்ந்துகொள்வார். உள்ளே விளக்கிச் சொல்ல, வாயிலருகே உள்ள வழிகாட்டியைத் தனியே அமர்த்திக்கொள்ள வேண்டும். கட்டணத்தை முன்னரே பேசிக்கொள்வது நன்று. நம் மத்ரஸாக்களில் ஓதியவர்க்கு இங்கே ஓர் எளிமை உண்டு. ஊரார் பேசும் தாரிஜா வழக்கு நமக்குப் பிடிபடாது. ஆனால் இலக்கண அரபியில் கேட்டால் வழிகாட்டிகள் மகிழ்ச்சியோடு அதே அரபியில் விடை சொல்வர். பிரெஞ்சிலும் ஆங்கிலத்திலும் மனப்பாடமாய் ஒப்பிக்கும் உரையை விட்டு அவர்கள் வெளியே வருவது அப்போதுதான்.

எந்த ஊர் முதலில் என்பதையும் நாமே கேட்டு முடிவு செய்யலாம். மிக்னாஸ் வழியில் இருப்பதால் அதை முதலில் காட்டிவிட்டு, உச்சிவெயிலில் வலீலாவுக்கு அழைத்துச் செல்வோர் உண்டு. வலீலாவில் நிழல் இல்லை; கோடையில் நண்பகலில் அங்கே நிற்பவர் பார்ப்பதைவிடத் தவிப்பதே மிகுதி. வலீலா, ஸர்ஹூன், மிக்னாஸ் என்ற வரிசை வெயிலுக்கும் ஏற்றது, காலவரிசைக்கும் ஏற்றது, ளுஹர்த் தொழுகைக்கும் ஏற்றது.

வலீலா ரோமானியர் கட்டிய ஊரன்று. அவர்கள் வருவதற்கு முன்பே பெர்பர் மக்கள் வாழ்ந்த ஊர். ரோமின் சார்பில் மௌரித்தானியாவை ஆண்ட பெர்பர் மன்னன் இரண்டாம் ஜூபாவின் காலத்தில் அது செழித்தது. எகிப்து அரசி கிளியோபாட்ராவின் மகள் செலீனே இவனுடைய மனைவி. கி.பி. 40-ஐ ஒட்டி ரோம் அந்நாட்டைத் தன்னோடு இணைத்துக்கொண்டது. அதன்பின் எழுந்தவையே இன்று நாம் காணும் பெருங்கட்டடங்கள்: 217-இல் பேரரசர் கராகல்லாவின் பெயரால் எழுப்பப்பட்ட வெற்றி வளைவு, அதையடுத்த ஆண்டின் கேப்பிட்டோல் கோயில், நீதிமன்றமும் சந்தையுமாய் விளங்கிய பசிலிக்கா. கோயிலின் தூண்களின்மேல் இப்போது நாரைகள் கூடு கட்டுகின்றன. வீடுகளின் தரையில் வண்ணக் கற்களால் இழைத்த ஓவியங்கள், மழைக்கும் வெயிலுக்கும் திறந்தபடி, அவை பதிக்கப்பட்ட இடத்திலேயே கிடக்கின்றன. யாழிசைத்து விலங்குகளை மயக்கும் ஆர்ஃபியூஸ், ஹெர்குலிஸின் பன்னிரு அருஞ்செயல்கள், கழுதைமேல் பின்னோக்கி அமர்ந்து வித்தை காட்டும் ஒருவன். அந்தக் கழுதைக்காரன் எல்லாக் குழுவினரையும் சிரிக்க வைத்துவிடுவான்.

ஆனால் என் கண்ணுக்கு ஓவியங்களைவிட எண்ணெய்ச் செக்குகளே முதன்மையானவை. இங்கே 58 செக்குகள் கண்டறியப்பட்டுள்ளன. செல்வர் வீடுகளிலேயே பலவும் இருந்தன. பசிலிக்காவையும் வளைவையும் எழுப்பிய பணம் சைத்தூன் எண்ணெயிலிருந்து வந்தது. மதிலுக்கு வெளியே திரும்பிப் பார்த்தால் மலைச்சரிவெங்கும் இன்றும் சைத்தூன் தோப்புகள்தாம். ஆட்சிகள் மாறின, மொழி மாறியது, மார்க்கம் மாறியது, மரம் மாறவில்லை.

வழக்கமான வழிகாட்டுரை இவ்விடத்தில் முடிந்துவிடும். சுமார் 285-ஆம் ஆண்டில் ரோமின் படையும் ஆட்சியும் இப்பகுதியை விட்டு விலகின, நகரம் பாழடைந்தது, பிற்பாடு பிரெஞ்சுக்காரர் வந்து தோண்டியெடுத்தனர். இந்த மூன்று வாக்கியங்களுக்கு இடையே ஓராயிரத்து அறுநூறு ஆண்டுகள் கழிந்துவிடுகின்றன. ஐரோப்பியப் பயணி தனக்குரியதைப் பார்த்துவிட்ட நிறைவோடு வண்டியேறுகிறார். முஸ்லிம் பயணிகள் சிலரோ 'இது ரோமானியர் சின்னம், நமக்கென்ன' என்று வாயிலிலேயே தேநீர் அருந்தியபடி நின்றுவிடுகின்றனர். நான் சென்ற நாளிலேயே அவ்வாறு இருவரைக் கண்டேன். இரு சாராரும் தவறவிடுவது ஒன்றையே.

ரோமானியர் போன பிறகும் வலீலா சாகவில்லை. மக்கள் நகரின் மேற்குப் பகுதியில் ஒதுங்கி வாழ்ந்தனர். கைவிடப்பட்ட கிழக்குப் பகுதியைப் பிரித்து ஒரு புது மதில் கட்டிக்கொண்டனர். அம்மக்களுள் கிறித்தவர்கள் இருந்தனர். தம் கல்லறைகளில் லத்தீனில் எழுதினர். அக்கல்லெழுத்துகளுள் கடைசியானது 655-ஆம் ஆண்டிற்குரியது. அது மதீனாவில் கலீஃபா உஸ்மான் (ரலி) அவர்கள் ஆட்சி செலுத்திய காலம். ரோமின் ஆட்சி அகன்று முந்நூற்று எழுபது ஆண்டுகள் கழித்தும், ரோமின் மொழியில் இங்கே ஒருவர் தம் இறந்தவரின் பெயரைப் பொறித்திருக்கிறார்.

அதற்குப் பின் ஒன்றேகால் நூற்றாண்டு கழித்து இந்த ஊருக்கு ஓர் அகதி வந்து சேர்ந்தார். ஹஸன் (ரலி) அவர்களின் கொள்ளுப்பேரர் இத்ரீஸ் இப்னு அப்துல்லாஹ். ஹிஜ்ரி 169-இல் (கி.பி. 786) மக்காவுக்கு அருகே ஃபக் என்னுமிடத்தில் அப்பாஸியப் படையால் அலவியர் வீழ்த்தப்பட்டபோது தப்பியவர். ராஷித் என்ற விசுவாசமிக்க பணியாளர் ஒருவரே துணை. எகிப்தைக் கடந்து, வட ஆப்பிரிக்கா முழுவதையும் தாண்டி, அப்பாஸியர் கைக்கு எட்டாத இத்தொலைமேற்கை அடைந்தார். அப்போது வலீலாவில் இருந்தவர்கள் அவ்ரபா என்னும் பெர்பர் குலத்தார். அவர்களின் தலைவர் இஸ்ஹாக் இப்னு முஹம்மத் அவருக்குப் புகலிடம் அளித்தார். ஹிஜ்ரி 172-இல் அக்குலத்தார் அவருக்கு பைஅத் செய்தனர். மொராக்கோவின் முதல் பெரும் இஸ்லாமிய அரசான இத்ரீஸிய்யா ஆட்சி இந்த இடிபாடுகளுக்கு நடுவிலேதான் தொடங்கிற்று. வலீலாவின் பெயர் பொறித்த அவருடைய வெள்ளித் திர்ஹம்கள் இன்றும் உள்ளன.

ஏறத்தாழ மூன்றாண்டுகளில் அவர் நஞ்சூட்டிக் கொல்லப்பட்டார். ஹாரூன் ரஷீத் அனுப்பிய ஆளின் வேலை என்பது வரலாற்றாசிரியர்கள் பரவலாகத் தரும் செய்தி. அப்போது பெர்பர் குலத்தவரான அவருடைய துணைவி கன்ஸா கருவுற்றிருந்தார். தந்தை முகம் காணாது பிறந்த அம்மகனே, ராஷிதின் பொறுப்பில் வளர்ந்து, ஃபாஸைத் தலைநகராக்கிய இரண்டாம் இத்ரீஸ். காலையில் நாம் புறப்பட்ட ஊர் மகனின் ஊர். நண்பகலில் நாம் சேரவிருப்பது தந்தை அடங்கிய ஊர்.

2000-ஆம் ஆண்டில் தொடங்கி மொராக்கோவின் தொல்லியல் நிறுவனமும் லண்டன் யுனிவர்சிட்டி காலேஜும் இணைந்து நடத்திய அகழாய்வு, ரோமானிய மதிலுக்கு வெளியே மேற்கில், ஓடையை ஒட்டி, முற்றங்கள் கொண்ட கட்டடத் தொகுதி ஒன்றை வெளிக்கொணர்ந்தது. அது இத்ரீஸின் இருப்பிடம் என்பது அகழ்ந்த ஆய்வாளர்களின் முடிவு. அருகே அக்காலத்து ஹம்மாம் ஒன்றும் உண்டு. வளைவையும் தூண்களையும் போல உயர்ந்து நிற்பது எதுவும் அங்கில்லை. முழங்கால் உயரச் சுவர்கள்தாம். குழுக்களை அங்கே அழைத்துச் செல்வது வழக்கமில்லை. 'இத்ரீஸின் இடத்தைக் காட்டுங்கள்' என்று நாமாகக் கேட்க வேண்டும். குறைந்தபட்சம் அது இருக்கும் திசையையாவது காட்டச் சொல்ல வேண்டும். பெரிய குழுவில் இக்கேள்வி எடுபடாது. ஐந்தாறு பேர் செல்வதன் பயன் இதுவே.

அங்கிருந்து ஸர்ஹூன் சில நிமிட வண்டிப் பயணம். மௌலாய் இத்ரீஸ் என்ற பெயர் தாங்கிய இவ்வூரின் நடுவே முதலாம் இத்ரீஸின் அடக்கத்தலம் உள்ளது. இன்றுள்ள கட்டடத்தில் பெரும்பங்கு மௌலாய் இஸ்மாயீல் காலத்தில் விரிவாக்கப்பட்டது. பிற சமயத்தார் உள்ளே செல்ல அனுமதியில்லை. எனவே பெரும்பாலான குழுக்கள் மேலே ஒரு மாடத்திலிருந்து பச்சை ஓட்டுக் கூரைகளைப் படம்பிடித்துவிட்டு இறங்கிவிடுகின்றன. முஸ்லிம் பயணிகள் தொழுகைக்கும் ஸியாரத்துக்கும் ஒரு மணிநேரம் வேண்டும் என்று காலையிலேயே சொல்லிவைப்பது நலம். வெள்ளிக்கிழமையாயின் ஜும்ஆவும் கிடைக்கும். நம் காதுக்குப் பழகிய ஹஃப்ஸ் ஓதல் அங்கில்லை, வர்ஷ் ஓதல். ஃபாத்திஹாவிலேயே 'மாலிகி' என்னுமிடத்தில் இமாம் நெடிலின்றி 'மலிகி' என ஓதக் கேட்டு, நம்மூர்க்காரர் திடுக்கிட வேண்டியதில்லை. தொழுவோரில் சிலர் கைகளைக் கட்டாமல் தொங்கவிட்டிருப்பதும் மாலிகி மத்ஹபில் உள்ள வழக்கமே.

மேட்டுத் தெருவில் உருளை வடிவ மினாரா ஒன்று உண்டு. 1939-இல், ஹஜ் செய்து திரும்பிய ஒருவர் கட்டியது. மொராக்கோவின் மினாராக்கள் சதுரமானவை, இது விதிவிலக்கு. பச்சை ஓடுகளின்மேல் வெண்ணிறக் கூஃபி எழுத்தில் திருக்குர்ஆனின் அத்தியாயம் ஒன்று அதைச் சுற்றி ஓடுகிறது. கூஃபி எழுத்தைக் கூட்டிப் படிக்க முயலும் மாணவருக்கு அது நல்ல பயிற்சி.

பிற்பகலில் மிக்னாஸ். 1672 முதல் 1727 வரை ஆண்ட மௌலாய் இஸ்மாயீல் அதைத் தலைநகராக்கினார். அவருடைய கட்டட வேட்கைக்கு வலீலா கற்சுரங்கமாயிற்று. அதன் பளிங்குகள் மிக்னாஸின் மாளிகைகளுக்குச் சென்றன. 1721-இல் ஆங்கிலத் தூதுக்குழுவோடு வந்த ஜான் விண்டஸ் என்பவர் இடிபாடுகளைப் பார்த்து எழுதியபோது, மக்கள் அதைக் 'கஸ்ர் ஃபிர்அவ்ன்', ஃபிர்அவ்னின் கோட்டை என்று வழங்கிவந்தனர். இத்ரீஸுக்கு பைஅத் செய்த ஊர், அவருடைய அடக்கத்தலத்துக்கு எதிரிலேயே, ஃபிர்அவ்னின் பெயரில் கிடந்தது. வரலாற்றை மறக்கப் பிரெஞ்சுக்காரர் வரவேண்டியிருக்கவில்லை; அதை நாமே செய்து முடித்திருந்தோம். எஞ்சி நின்றவற்றுள் பலவற்றை 1755-ஆம் ஆண்டின் லிஸ்பன் நிலநடுக்கம் சாய்த்தது.

இஸ்மாயீலின் மகன் காலத்தில், 1732-இல் நிறைவுற்ற பாப் மன்ஸூர் நுழைவாயிலின் இருபுறமும் உள்ள பளிங்குத் தூண்கள் வலீலாவிலிருந்து வந்தவை என்று ஊரார் சொல்வர். வாயிலின் பச்சை ஓட்டு வேலைப்பாட்டுக்கும் அத்தூண்களின் தலைப்புகளுக்கும் உள்ள வேறுபாட்டைக் காலையில் வலீலாவைப் பார்த்த கண் உடனே பிடித்துக்கொள்ளும். சில இடங்கள் பழுதுபார்ப்புக்காக மூடப்படுவதுண்டு, புறப்படுமுன் விசாரித்துக்கொள்க.

நேரம் குறைந்தால் கடைத்தெருவை விட்டுவிட்டு, ஹரீ ஸவானீ எனப்படும் களஞ்சியத்துக்குச் செல்லலாம். தடித்த சுவர்களுக்குள் கோடையிலும் குளிர்ச்சி. அதை ஒட்டிய தூண் வரிசைகளைப் பன்னிரண்டாயிரம் குதிரைகளின் லாயம் என்பார் வழிகாட்டி. அதுவும் பண்டகசாலையே என்பது ஆய்வாளர் பலரின் கருத்து. எண்ணிக்கையை வழிகாட்டியின் அன்பளிப்பாக ஏற்றுக்கொள்வோம். களஞ்சியத்தின் பெயரே அதைவிடச் சுவையானது. அரசரின் தானியம் சேர்க்கும் பெருங்கட்டடத்துக்கு அரபியில் 'ஹுர்ய்' என்று பெயர், பன்மை 'அஹ்ரா'. இது அரபுச் சொல்லா, வந்து சேர்ந்த சொல்லா என்று தமக்குத் தெரியவில்லை என அகராதி அறிஞர் அஸ்ஹரீ கூறியதை லிஸானுல் அரப் பதிவு செய்திருக்கிறது. களஞ்சியத்தைக் குறிக்கும் 'ஹொர்ரியும்' என்ற லத்தீன் சொல்லே அதன் மூலம் என்பது இக்கால மொழிநூலார் கருத்து.