ஊறிய ஹெர்ரிங்: புளிப்பை நம்பலாமா?

ஜூன் கடைசியில் வரும் நடுக்கோடைத் திருநாளன்று ஸ்வீடன் வீட்டு விருந்தில் புது உருளைக்கிழங்கும் புளித்த கிரீமும் இருக்கும். அவற்றோடு இனிப்பும் புளிப்புமாக ஊறிய ஹெர்ரிங் மீன் இல்லாவிட்டால் அது திருநாளே இல்லை. போலந்தில் கிறிஸ்துமஸுக்கு முந்தைய இரவு இந்த மீனை எண்ணெயும் வெங்காயமும் சேர்த்துப் பரிமாறுகிறார்கள். டென்மார்க்கில் ரை ரொட்டியின் மேல் வைத்துச் சாப்பிடுவார்கள். கறிப்பொடி கலந்த மஞ்சள் சாஸில் புரட்டிய ஒரு வகையும் அங்கே உண்டு. ஜெர்மனியில் வெள்ளரி ஊறுகாயைச் சுற்றி உருட்டிக் குச்சி செருகினால் ரோல்மாப்ஸ். முந்தின இரவு அதிகம் குடித்தவர்களை அது மறுநாள் தெளிய வைக்கும் என்று அங்கே நம்புகிறார்கள். மருத்துவம் அதற்குச் சாட்சி சொல்லவில்லை.

வடக்கு ஐரோப்பாவில் குடியேறிய தமிழ்க் குடும்பங்களுக்கும், படிக்கவும் வேலைக்கும் போகிறவர்களுக்கும் இந்தத் தட்டு என்றாவது ஒருநாள் முன்னால் வந்து நிற்கும். அடுப்பையே பார்க்காத மீன் அது. ‘வினிகரில் ஊறியிருக்கிறதே, உள்ளே இருந்ததெல்லாம் செத்திருக்கும்’ என்று சமாதானம் சொல்லிக்கொண்டுதான் பலர் முதல் துண்டை எடுக்கிறார்கள். கடையில் வாங்கிய மீன் பெரும்பாலும் பாதுகாப்பானதுதான். ஆனால் அதற்கு வினிகர் முதல் காரணம் இல்லை.

மீனுக்குள் சுருண்டிருக்கும் புழு

கடல் மீன்களில் அனிசாகிஸ் என்ற உருண்டைப் புழுவின் இளம்பருவம் வாழ்கிறது. திமிங்கிலம், கடல்நாய் போன்றவற்றின் வயிற்றில்தான் அது முழு வளர்ச்சி பெறும். முட்டைகள் கடலில் கலந்து பொரிய, இளம்புழுக்கள் சிறு கூனிகள் வழியாக ஹெர்ரிங்கின் குடலுக்கு வந்து சேர்கின்றன. வெண்ணிறமாக, சுருள் சுருளாக, நீட்டினால் ஏறக்குறைய 2 செ.மீ. இருக்கும். மீன் செத்த பிறகு குடலில் இருப்பவற்றில் சில சதைக்குள் புகுந்துவிடும். அதனால்தான் பிடித்த உடனே குடலை எடுத்துவிடுவது முக்கியமாகிறது.

உயிருள்ள புழு நம் வயிற்றுக்குள் போனால் சில மணி நேரத்தில் இரைப்பைச் சுவரைத் துளைக்கப் பார்க்கும். வயிற்றைப் பிசையும் கடுமையான வலி, குமட்டல், வாந்தி வரும். குடல்வரை போய்விட்டால் சில நாள் கழித்து, குடல்வால் அழற்சி என்று மருத்துவரே சந்தேகிக்கும் அளவுக்கு வலிக்கும். இரைப்பையில் இருந்தால் எண்டோஸ்கோப்பி மூலம் புழுவைப் பிடித்து எடுத்துவிடலாம். வலி சட்டென்று அடங்கும்.

இந்த நோயை உலகம் சரியாகப் புரிந்துகொண்டது நெதர்லாந்தில். லேசாக உப்பிட்ட பச்சை ஹெர்ரிங்கைத் தெருவோர வண்டியில் வாங்கி, வாலைப் பிடித்துத் தூக்கி வாயில் இறக்கும் நாடு அது. 1950-களில் அங்கே சிலருக்கு விளங்காத வயிற்று வலி வந்தது. காரணம் ஹெர்ரிங்கில் இருந்த புழுதான் என்று லெய்டன் நகர ஆய்வாளர் ஃபான் தீலும் அவருடைய சகாக்களும் 1960-இல் எழுதினார்கள். 1968-இல் அரசு சட்டம் போட்டது: பச்சையாக உண்ணப்படும் ஹெர்ரிங் மைனஸ் 20 டிகிரி செல்சியஸில் குறைந்தது 24 மணி நேரம் உறைந்திருக்க வேண்டும். நோய் ஏறக்குறைய மறைந்தே போனது. இன்று ஐரோப்பிய ஒன்றியம் முழுக்க இந்த அளவுதான் விதி.

வினிகரால் ஏன் முடியவில்லை? வயிற்று அமிலத்திலேயே பிழைத்திருக்கும் உயிர் அது. சமையல் வினிகர் அதற்குப் பெரிய விஷயமில்லை. ஸ்பெயினில் நெத்திலியை வினிகரில் ஊறவைத்து உண்பார்கள். அந்நாட்டு அனிசாகிஸ் நோயாளிகளில் பெரும்பாலோர் அந்தத் தட்டிலிருந்து வந்தவர்கள்தான். அங்கும் 2006-இல் உறையவைப்பதைக் கட்டாயமாக்கினார்கள்.

வீட்டில் செய்தால்

ஊறவைக்கும் ஹெர்ரிங்கை முதலில் உப்பில் போடுவார்கள். உப்பு தண்ணீரை இழுத்துச் சதையை இறுக்குகிறது, பெரும்பாலான பாக்டீரியாக்களை அடக்குகிறது. ஸ்வீடன் கடைகளில் உப்பிட்ட துண்டாகவே கிடைக்கும். அதைக் குளிர்ந்த தண்ணீரில் போட்டு, இரவு முழுக்க ஃப்ரிட்ஜில் வைத்து, தண்ணீர் மாற்றி உப்பை இறக்க வேண்டும். புது மீனிலிருந்து தொடங்குகிறவர்கள் குடலெடுத்த மீனை முதலில் உறையவைப்பது கட்டாயம். வீட்டு ஃப்ரீசர்கள் பல மைனஸ் 18-ஐத் தாண்டுவதில்லை. கதவை வேறு அடிக்கடி திறக்கிறோம். அதனால் 24 மணி நேரக் கணக்கை வீட்டில் நம்ப வேண்டாம். மைனஸ் 20-ஐ எட்டும் ஃப்ரீசரில் 7 நாள் என்று அமெரிக்க உணவுத் துறை சொல்வதைக் கடைப்பிடிப்பது மேல்.

ஊறல் நீருக்கு ஸ்வீடன்காரர்கள் மனப்பாடமாக வைத்திருக்கும் கணக்கு 1-2-3: வினிகர் ஒரு பங்கு, சர்க்கரை இரண்டு பங்கு, தண்ணீர் மூன்று பங்கு. கொதிக்கவைத்து முழுக்க ஆறிய பிறகு மீன், வெங்காயம், கேரட், பிரிஞ்சி இலை, ஆல்ஸ்பைஸ் எல்லாவற்றையும் அடுக்கி ஊற்றுவார்கள். சூடாக ஊற்றினால் மீன் வெந்து குழைந்துவிடும். ஒன்றிரண்டு நாளில் சுவை ஏறும்.

இந்தக் கணக்கில் ஒரு பொறி இருக்கிறது. அங்கே ‘வினிகர்’ என்பது 12 சதவீத அமிலம் கொண்ட ஆட்டிகா. நம் கடை வினிகரில் இருப்பது பொதுவாக 4 அல்லது 5 சதவீதம். அதை 1-2-3 என்று கலந்தால் இனிப்புத் தண்ணீர்தான் மிஞ்சும். கிருமியைத் தடுக்கப் புளிப்பு போதாது. 5 சதவீத வினிகராக இருந்தால் இரண்டரைப் பங்கு வினிகருக்கு ஒன்றரைப் பங்கு தண்ணீர் விட வேண்டும்.

மாங்காய் ஊறுகாய் ஜாடியைப் போல இதை அலமாரியில் வைக்க முடியாது. நம் ஊறுகாயில் உப்பும் காரமும் எண்ணெயும் செய்கிற காவலை இங்கே ஃப்ரிட்ஜ்தான் செய்கிறது. அளவு தவறிய உப்பும் புளிப்பும் உள்ள மூடிய ஜாடியில் போட்டுலிசம் நஞ்சை உண்டாக்கும் பாக்டீரியா வளரலாம். மீனோடு தொடர்புடைய அதன் ‘E’ வகை 3 டிகிரியிலேயே மெதுவாக வளரக்கூடியது. அது மீனின் குடலில் இருக்கக்கூடும் என்பதால்தான் குடலோடு சேர்த்து உப்பிடுவது ஆபத்து.

‘நம்மூர் மத்தியில் இதையே செய்யலாமே’ என்று தோன்றும். ஹெர்ரிங் நம் கடலில் கிடையாது. மத்தி அதன் உறவுதான். இருந்தும் வேண்டாம் என்பதே என் பதில். இந்த வகை மீன்களின் சதையில் ஹிஸ்டிடின் அதிகம். பிடித்த மீன் சில மணி நேரம் வெயிலில் கிடந்தாலே பாக்டீரியா அதை ஹிஸ்டமினாக மாற்றிவிடும். உண்டானதைக் கொதியும் உறைகுளிரும் வினிகரும் அழிப்பதில்லை. சாப்பிட்ட சிறிது நேரத்தில் முகம் சிவந்து, தலை வலித்து, உடம்பு அரிக்கும். பலர் இதை ஒவ்வாமை என்றே நினைத்துக்கொள்கிறார்கள். படகிலிருந்து சந்தைவரை ஐஸ் தொடர்ந்து இருந்தது என்று உறுதியாகத் தெரியாத மீனைக் குழம்பு வைப்பதற்கே யோசிக்க வேண்டும்.

நல்லதும் உப்பும்

சத்துக்குக் குறையில்லை. 100 கிராம் ஊறிய ஹெர்ரிங்கில் ஒமேகா-3 கொழுப்பு ஏறக்குறைய 1.4 கிராம், பி12-ஐயும் அள்ளித் தருகிறது. வெயிலே காணாத குளிர்காலத்தில் வைட்டமின் டி-க்கும் இது நல்ல வழி.

எனக்குக் கவலை உப்பைப் பற்றித்தான். அதே 100 கிராமில் சோடியம் ஏறக்குறைய 870 மில்லிகிராம், அதாவது 2 கிராமுக்கு மேல் உப்பு. ஒரு நாளைக்கு 5 கிராமுக்குக் குறைவாக என்கிறது உலக சுகாதார நிறுவனம். கூடவே சர்க்கரையும் இருக்கிறது. ஊறல் நீரை வடித்து, இரண்டு மூன்று துண்டோடு உருளைக்கிழங்கும் ரொட்டியும் சேர்த்துக்கொண்டால் சரி. ரத்த அழுத்தம், சிறுநீரகக் கோளாறு உள்ளவர்களுக்கு அதுவும் எப்போதாவதுதான்.

மாத்திரை சாப்பிடுகிறவர்களுக்கு

ஊறிய, பதப்பட்ட மீனில் டைரமின் என்ற பொருள் சேரலாம். பழைய தலைமுறை மனச்சோர்வு மருந்துகளான ட்ரானில்சிப்ரோமின், ஃபினெல்சின் போன்றவை அதைச் சிதைக்கும் நொதியைத் தடுத்துவிடுவதால் ரத்த அழுத்தம் திடீரென எகிறும். லினிசோலிட் என்ற ஆன்டிபயாடிக்கிலும் இதே எச்சரிக்கை உண்டு. நம் நாட்டில் லட்சக்கணக்கானோர் எடுத்துக்கொள்ளும் காசநோய் மருந்தான ஐசோனியாசிட்டும் டைரமின், ஹிஸ்டமின் இரண்டையும் உடல் சமாளிக்கும் திறனைக் குறைக்கிறது. சிகிச்சை முடியும்வரை இந்த மீனைத் தள்ளிவைப்பது நல்லது.

கர்ப்பிணிகளுக்கு லிஸ்டீரியா பயம் உண்டு. அது ஃப்ரிட்ஜ் குளிரிலும் வளரும். நன்றாகப் புளித்த வகையைவிட, லேசாக மட்டும் உப்பிட்ட பச்சை வகையில்தான் அந்த ஆபத்து கூடுதல். பால்டிக் கடல் ஹெர்ரிங்கில் டையாக்ஸின் படிந்திருக்கிறது என்பது தனிச் சிக்கல். குழந்தைகளும் கருவுறும் வயதுப் பெண்களும் அதை வருடத்துக்கு இரண்டு மூன்று முறைக்கு மேல் உண்ண வேண்டாம் என்கிறது ஸ்வீடன் உணவுத் துறை. அட்லாண்டிக் மீனுக்கு இந்தக் கட்டுப்பாடு இல்லை. ஸ்வீடன் கடையில் ‘சில்’ என்று இருந்தால் பெரும்பாலும் அட்லாண்டிக், ‘ஸ்ட்ரோமிங்’ என்று இருந்தால் பால்டிக். சந்தேகம் இருந்தால் லேபிளில் பிடித்த கடலின் பெயரைப் பார்த்துக்கொள்ளலாம்.