மலிவென்று பதியும் மென்பொருள்

திருகோணமலைத் துறைமுகத்தை அண்டிய வீதியொன்றில் போட்டோப் பிரதிக் கடை நடத்துபவர், உரிமமற்ற மென்பொருளைக் கணினியில் பதிவதைக் களவென்று எண்ணுவதில்லை. ஊரெல்லாம் செய்வதுதானே என்று அமைதி கொள்கின்றார். இதனால் விளையும் கேட்டை நாம் எடுத்துக்கூற விரும்புகின்றோம்.

மென்பொருளின் பூட்டை உடைக்கத் தரப்படும் நிரல், பெரும்பாலும் வைரசுத் தடுப்பை நிறுத்துமாறு கோருகின்றது. காவலனை அனுப்பிவிட்டு அந்நியனிடம் திறப்பை ஒப்படைப்பது போன்றது இது. கடவுச்சொற்களைத் திருடும் நிரலும் அத்துடன் உட்புகலாம். இழப்பு கடைக்காரருக்கு மட்டுமன்று. பிரதி எடுக்க அடையாள அட்டையையும் வங்கிப் புத்தகத்தையும் நம்பிக் கொடுத்தவருக்கும் உரியது. முஸ்லிம் மக்கள் அமானிதம் என்பது இத்தகைய பொறுப்பையே.

2017 மே மாதம் 150 இற்கு மேற்பட்ட நாடுகளைத் தாக்கிய 'வன்னாகிரை', கோப்புகளைப் பூட்டிவைத்துக் கப்பம் கேட்டது. அதற்கான திருத்தத்தை மைக்ரோசொப்ட் இரு மாதங்களுக்கு முன்பே வெளியிட்டிருந்தது. இற்றைப்படுத்தலை நிறுத்திவைத்த கணினிகளுக்கு அது எட்டவில்லை. திருட்டுப் பிரதிகள் பலவற்றின் நிலை அதுவே.

சட்டமும் வாளாவிருக்கவில்லை. 2003 ஆம் ஆண்டின் 36 ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம், பதிப்புரிமையை வேண்டுமென்றே மீறுவோருக்கு 5 இலட்சம் ரூபா வரை அபராதமோ 6 மாதச் சிறையோ இரண்டுமோ விதிக்க இடமளிக்கின்றது.

வசதியற்றோருக்கு வேறு வழியில்லையா? உண்டு. திருகோணமலையையும் தாக்கிய 2004 சுனாமியின் பின்னர், நிவாரணப் பணிகளுக்கென இலங்கைக் கணினி வல்லுநர்கள் 'சஹானா' என்ற கட்டற்ற மென்பொருளை ஆக்கினர். பிற நாடுகளும் அதனைப் பயன்படுத்தின. கடிதம் தட்டச்சிடவும் கணக்கெழுதவும் 'லிப்ரே ஒபிஸ்' இலவசமாகவே கிடைக்கின்றது. நேர்வழி திறந்திருக்கையில் களவுப் பிரதியை நாடுவானேன்?